வீவக புளோக்கில் அக்கம்பக்கத்தோடு வாழ்வது எப்படி: புதிதாகக் குடியேறும் தமிழருக்கு ஒரு முழு வழிகாட்டி

சிங்கப்பூரில் வேலை கிடைத்து, வாடகைக்கு ஒரு வீவக (அரசின் வீடமைப்பு வளர்ச்சிக் கழக) அடுக்குமாடி வீடும் பார்த்தாகிவிட்டது. ஒப்பந்தத்தில் என்னென்ன இருக்கிறது என்று முகவர் வரி வரியாகச் சொல்லியிருப்பார். ஏசி சர்வீஸ் யார் செலவு, சுவரில் ஆணி அடிக்கலாமா, முன்பணம் எப்போது திரும்பும் என்று எல்லாம் தெரியும். பக்கத்து வீட்டில் யார் இருக்கிறார்கள், மேல்வீட்டில் யார், அவர்களோடு எப்படிப் பழகுவது என்பதை மட்டும் யாரும் சொல்லியிருக்க மாட்டார்கள். இரண்டு வருஷம் நிம்மதியாக இருப்பதா, தினமும் பல்லைக் கடித்துக்கொண்டு இருப்பதா என்பதைப் பெரும்பாலும் அதுதான் முடிவு செய்கிறது.

ஊரில் தெரு முழுக்க நம் மொழி பேசுபவர்களோடு வளர்ந்துவிட்டு இங்கே வந்தால், ஒரே மாடியில் ஊதுவத்தி கொளுத்தும் சீனப் பாட்டி, நோன்பு திறக்கும் மலாய்க் குடும்பம், யாரிடமும் பேசாத ஒரு தனி ஆள், நான்காம் தலைமுறைச் சிங்கப்பூர்த் தமிழர் என்று எல்லாரும் இருப்பார்கள். எல்லாரோடும் நட்பாக வேண்டும் என்று நான் சொல்லப்போவதில்லை. அவர்கள் செய்வது என்ன, ஏன் செய்கிறார்கள் என்று தெரிந்தால் பாதி எரிச்சல் வராது. மீதிப் பாதிக்கு வழிமுறை இருக்கிறது. இரண்டையும் சொல்கிறேன்.

1. ஏன் இப்படிக் கலந்து இருக்கிறார்கள்?

இது தானாக நடந்ததில்லை. வீடமைப்பு வளர்ச்சிக் கழகம் 1960 பிப்ரவரியில் தொடங்கப்பட்டது. இன்று சிங்கப்பூர்வாசிகளில் கிட்டத்தட்ட 80 விழுக்காட்டினர் வீவக வீடுகளில்தான் இருக்கிறார்கள். 1980-களில் சில பேட்டைகளில் ஒரே இனத்தவர் சேர்ந்துகொண்டே போனார்கள். 1964 இனக் கலவரத்தின் நினைவு அரசாங்கத்துக்கு இன்னும் ஆறவில்லை. 1989-ல், அப்போது தேசிய வளர்ச்சி அமைச்சராக இருந்த தனபாலன், இன ஒருங்கிணைப்புக் கொள்கையை அறிவித்தார். அவரும் தமிழர்தான். அந்த ஆண்டு மார்ச் 1 முதல் அது நடப்பில் இருக்கிறது.

கணக்கு இதுதான். ஒரு புளோக்கில் சீனர் 87, மலாய்க்காரர் 25, இந்தியரும் மற்றவரும் 15 விழுக்காட்டைத் தாண்டக்கூடாது. பேட்டை அளவில் 84, 22, 12. நம் பிரிவுக்கு முன்பு 13-ம் 10-ம் தான் இருந்தது, 2010-ல் உயர்த்தினார்கள். சீனர் வரம்பு நிரம்பிவிட்ட புளோக்கில் இந்தியர் ஒருவர் வீட்டை விற்க வேண்டுமானால் சீனருக்கு விற்க முடியாது. வாங்க ஆள் குறைவதால் விலையும் அடிபடும் என்ற மனக்குறை சிறுபான்மையினரிடம் நெடுநாளாக உண்டு. மிகவும் சிரமப்படுபவர்களின் வீட்டைக் கழகமே வாங்கிக்கொள்ளும் ஏற்பாடு 2022-ல்தான் வந்தது.

வாடகைக்கு வரும் உங்களுக்கு இது எதற்கு? வெளிநாட்டவர் முழு வீட்டை வாடகைக்கு எடுப்பதற்கும் தனி வரம்பு இருக்கிறது: பேட்டையில் 8, புளோக்கில் 11 விழுக்காடு. மலேசியர்களுக்கு இது கிடையாது. பிடித்த வீட்டுக்கு முன்பணம் கொடுப்பதற்கு முன் அந்த புளோக்கில் இடம் இருக்கிறதா என்று முகவரைப் பார்க்கச் சொல்லுங்கள். இன்னொன்று, உங்கள் பக்கத்து வீட்டுக்காரர் உங்களைத் தேர்ந்தெடுக்கவில்லை, நீங்களும் அவரைத் தேர்ந்தெடுக்கவில்லை. இரண்டு பேரையும் ஒரு கணக்கு கொண்டுவந்து சேர்த்திருக்கிறது. ‘என்னடா இப்படி வந்து மாட்டிக்கொண்டோம்’ என்று அவரும் நினைத்திருக்கலாம்.

2. முதல் வாரம்: முகம் காட்டுங்கள்

குடியேறிய முதல் வாரத்தில் நான்கு வீடுகளுக்கு உங்கள் முகம் தெரிய வேண்டும்: இடப்பக்கம், வலப்பக்கம், மேலே, கீழே. இடமும் வலமும் எப்படியும் நடைபாதையில் தட்டுப்படுவார்கள். மேல்வீட்டையும் கீழ்வீட்டையும் பெரும்பாலானோர் விட்டுவிடுவார்கள். சத்தத் தகராறு வருவதோ அங்கேதான். ஒரு சனிக்கிழமை சாயங்காலம் குடும்பத்தோடு கீழ்வீட்டுக்குப் போய், “நாங்கள் மேலே புதிதாக வந்திருக்கிறோம், சின்னப் பிள்ளை இருக்கிறது, சத்தம் அதிகமானால் சொல்லுங்கள்” என்று சொல்லிவிட்டு வாருங்கள். உள்ளே கூப்பிட மாட்டார்கள், கிரில் கதவைக்கூடத் திறக்க மாட்டார்கள். அதை அவமரியாதையாக எடுத்துக்கொள்ள வேண்டாம். பிற்பாடு பிள்ளை ஓடும்போது அவர்கள் காதில் விழுவது ‘அந்தக் குழந்தை’யின் சத்தமாக இருக்கும். சொல்லாமல் விட்டிருந்தால் அது வெறும் சத்தம்.

முறை சொல்லிக் கூப்பிடுவது சுலபம். வயதானவர் யாராக இருந்தாலும் அங்கிள், ஆன்ட்டி. எந்த இனத்தவருக்கும் இது பொருந்தும். கோப்பிக் கடைக்காரரிலிருந்து துப்புரவுப் பணியாளர் வரை அப்படித்தான். மலாய் மூத்தவர்களில் ஆணை ‘பாச்சிக்’, பெண்ணை ‘மாச்சிக்’ என்றால் முகம் மலரும். உங்கள் வயதுப் பெண்ணை மட்டும் ஆன்ட்டி என்று கூப்பிட்டுவிடாதீர்கள். அதற்கு மத்தியஸ்தம் கிடையாது.

மலாய்க்காரர்களில் சிலர் எதிர்பாலரோடு கைகுலுக்க மாட்டார்கள். நீங்களாகக் கையை நீட்டாமல், அவர் என்ன செய்கிறார் என்று ஒரு நொடி பாருங்கள். அவர் நெஞ்சில் கை வைத்தால் நீங்களும் அப்படியே செய்யலாம்.

3. அவர்கள் பக்கத்திலிருந்து உங்கள் வீட்டைப் பாருங்கள்

இந்த வேலையை நம்மில் யாரும் செய்வதில்லை. அந்த புளோக்கில் வித்தியாசமான ஆள் நாம்தான். காலை ஆறு மணிக்கு மிக்ஸி. ஏழுக்குள் குக்கர் ஐந்து விசில். வாசல் கதவைத் திறந்துவைத்துத் தாளிப்பு. வெள்ளிக்கிழமை சாம்பிராணிப் புகை நடைபாதை முழுக்க. இரவு பதினொன்றுக்கு ஊருக்கு வீடியோ கால், அதுவும் ஸ்பீக்கரில். நமக்கு இவை எதுவுமே உறைக்காது. சுவருக்கு அந்தப் பக்கம் படுத்திருக்கும், இரவு ஷிப்ட் முடித்த டாக்சி ஓட்டுநருக்கு எல்லாமே உறைக்கும்.

சமையல் வாசனையைப் பற்றித் தனியாகச் சொல்ல வேண்டும். 2011 ஆகஸ்டில் சிங்கப்பூரே பேசிய விஷயம் இது. சீனாவிலிருந்து குடிவந்த ஒரு குடும்பம், பக்கத்து வீட்டு இந்தியக் குடும்பம் சமைக்கும் கறியின் (இங்கே கறி என்றால் மசாலாக் குழம்பு) வாசனை தாங்கவில்லை என்று முறையிட்டது. மத்தியஸ்தத்தில் ஓர் உடன்பாடு வந்தது: அவர்கள் வீட்டில் இல்லாதபோது மட்டும் இவர்கள் கறி சமைப்பது, பதிலுக்கு அவர்கள் அந்தக் கறியைச் சாப்பிட்டுப் பார்ப்பது. சில வருஷங்களுக்கு முன்பே முடிந்துபோன விவகாரம்தான். பத்திரிகையில் வந்ததும் மக்கள் கொதித்துவிட்டார்கள். ஆகஸ்ட் 21, ஞாயிற்றுக்கிழமை, தீவு முழுக்கக் கறி சமைத்துப் பகிர்ந்துகொள்வோம் என்று ஃபேஸ்புக்கில் அழைப்பு பரவியது. ஆயிரக்கணக்கானோர் சேர்ந்தார்கள், சீனர்கள் உட்பட. மலாய் வீட்டிலும் பெரனாக்கான் (சீன-மலாய்க் கலப்பு மரபினர்) வீட்டிலும் கறி இல்லாத விருந்து ஏது?

ஆக, கறி சமைக்கக்கூடாது என்று இந்த ஊரில் யாரும் உங்களிடம் சொல்ல முடியாது. அதற்காகக் கருவாடு வறுக்கும்போதும் வாசல் கதவைத் திறந்தே வைப்பேன் என்று நின்றால் எப்படி? வறுப்பதும் தாளிப்பதும் நடக்கும் நேரத்துக்கு வாசல் பக்கத்தை மூடி, சமையலறை ஜன்னலைத் திறந்துவையுங்கள். கிரைண்டருக்கு அடியில் தடித்த ரப்பர் மேட் போடுங்கள். அதன் அதிர்வு தரை வழியாகக் கீழே இறங்கும். மிக்ஸி வேலையை எட்டு மணிக்கு மேல் வைத்துக்கொள்ளுங்கள், அல்லது சட்னியை முந்தின இரவே அரைத்து வைத்துவிடுங்கள். அண்டை வீட்டுச் சத்தம் பற்றி ஆராய 2022-ல் அமைக்கப்பட்ட குழு, இரவு 10 முதல் காலை 8 வரை அமைதி நேரமாக இருக்கட்டும் என்றது. அதைக் கடைப்பிடித்தாலே போதும், யாரும் உங்களைக் குறை சொல்ல மாட்டார்கள்.

துணி காயப்போடுவது அடுத்தது. சொட்டச் சொட்ட ஈரப் போர்வையைக் கம்பில் மாட்டி ஜன்னலுக்கு வெளியே நீட்டினால், கீழ்வீட்டுக்காரரின் காய்ந்த துணியெல்லாம் மறுபடி நனையும். புளோக் சண்டைகளில் இதுதான் மிகப் பழையது. நன்றாகப் பிழிந்து, சொட்டு நின்ற பிறகு மாட்டுங்கள்.

4. நடைபாதை யாருடையது?

உங்கள் வாசலுக்கு நேரே இருந்தாலும் அது பொது இடம். தீயணைப்பு விதிப்படி குறைந்தது 1.2 மீட்டர் அகலம் தடையில்லாமல் இருக்க வேண்டும். செருப்பு அலமாரி, சைக்கிள், தொட்டிச் செடி எல்லாம் இந்தக் கணக்குக்குள்தான். புளோக்கைப் பராமரிக்கும் நகர மன்றத்திலிருந்து எச்சரிக்கை வந்த பிறகு பக்கத்து வீட்டில்தான் போட்டுக்கொடுத்தார்கள் என்று முறைத்துக்கொண்டு திரிவதில் பயனில்லை.

கோலம் போடலாம். ஸ்டிக்கர் கோலம் பலரும் ஒட்டுகிறார்கள். தீபாவளிக்கு ரங்கோலி போடுவதானால் பக்கத்து வீட்டாரின் நடைவழியை விட்டுப் போடுங்கள். வழுக்கிவிடும் பொடி வேண்டாம். வெடியைப் பற்றிக் கேட்கவே வேண்டாம், 1972 முதல் இங்கே தடை.

பக்கத்துச் சீன வீட்டு வாசலில், கதவையொட்டிச் சுவரில் ஒரு சிறிய சிவப்புத் தகரக் கூடு மாட்டியிருக்கும். அதில் ஊதுவத்திக் குச்சிகளின் அடிக்கட்டை நிறைந்திருக்கும், கீழே சாம்பல் உதிர்ந்திருக்கும். வானுலகத் தெய்வத்துக்கான இடம் அது. அதன்மேல் குடையைச் சாய்த்து வைப்பது, செருப்பை அதன் காலடியில் விடுவது எல்லாம் வேண்டாம். சில வீடுகளில் கதவுக்கு மேலே எண்கோணச் சட்டத்தில் ஒரு கண்ணாடி உங்கள் வாசலையே பார்த்தபடி இருக்கும். பில்லிசூனியமோ என்று பயந்த குடும்பத்தை எனக்குத் தெரியும். கெட்டது உள்ளே வராமல் திருப்பி அனுப்புவதற்கு மாட்டுவது அது. நம் வாசலில் தொங்கும் திருஷ்டிப் பொம்மையின் வேலைதான். உங்களைக் குறிவைத்து மாட்டியது இல்லை.

5. கீழ்த்தளத்தில் நடப்பதைப் புரிந்துகொள்ளுங்கள்

புளோக்கின் அடியில் தூண்கள் மட்டும் நிற்கும் வெற்றுத்தளம்தான் அங்குள்ளவர்களுக்குக் கல்யாண மண்டபம், துக்க வீடு, அரட்டைத் திண்ணை எல்லாமே. ஒரு வாரம் மலாய்க் கல்யாணம் நடந்த அதே இடத்தில் அடுத்த வாரம் சீன இழவு வீடு நடக்கும். யாரும் அதை விசித்திரமாக நினைப்பதில்லை.

மலாய்க் கல்யாணம் பெரும்பாலும் சனி, ஞாயிறு பகலில். கொம்பாங் எனும் கைப்பறை முழங்க மாப்பிள்ளை வருவார். ஒலிபெருக்கியில் பாட்டு ஓடும். சாயங்காலத்துக்குள் முடிந்துவிடும் என்பதால் கொஞ்சம் பொறுத்துக்கொள்ளலாம். அழைத்திருந்தால் கட்டாயம் போங்கள். உறையில் பணம் வைத்து, விடைபெறும்போது வீட்டுக்காரரின் கையில் சலாமோடு சேர்த்துக் கொடுப்பது வழக்கம். திரும்பும்போது உங்கள் கையில் ஒரு சிறிய அன்பளிப்பு இருக்கும். அந்தக் காலத்தில் அவித்த முட்டை கொடுத்தார்களாம். இப்போது கேக், மிட்டாய், ஜாடி என்று ஏதேதோ.

சீனர் வீட்டு மரணம்தான் புதிதாக வருபவர்களைத் திகைக்க வைக்கும். திரைகட்டி, சவப்பெட்டியைக் கீழ்த்தளத்திலேயே வைத்திருப்பார்கள். 3, 5 அல்லது 7 நாள், எப்போதும் ஒற்றைப்படை. இரவில் தாவோயிசச் சடங்குகளோ புத்த பிக்குகளின் மந்திரமோ கேட்கும். மேசைகளில் வேர்க்கடலையும் முலாம்பழ விதையும் பொட்டல பானமும் இருக்கும். சிலர் சீட்டு ஆடிக்கொண்டிருப்பார்கள். துக்க வீட்டில் சீட்டா என்று முகம் சுளிக்க வேண்டாம். இறந்தவரைத் தனியாக விடாமல் இரவெல்லாம் விழித்திருப்பதற்கான வழி அது.

தெரிந்த குடும்பமென்றால் போய் வாருங்கள். சிவப்பும் பளிச்சென்ற நிறமும் உடுத்த வேண்டாம். வெள்ளை உறையில் ஒற்றைப்படைத் தொகை வைத்துக் கொடுக்கலாம். படத்தின் முன் தலைவணங்கினால் போதும். ஊதுவத்தி ஏற்றுவது கட்டாயமில்லை. மேசையில் சிவப்பு நூல் வைத்திருப்பார்கள், ஒன்றை எடுத்து விரலில் சுற்றிக்கொள்ளுங்கள். துக்கத்தின் தீட்டு ஒட்டாமல் இருக்க அது. வீடு சேர்வதற்குள் கழற்றிப் போட்டுவிடுவார்கள். கிளம்பும்போது ‘மறுபடி பார்ப்போம்’ என்று சொல்லாதீர்கள். இழவு வீட்டில் ‘போய் வருகிறேன்’ என்று சொல்லாத நமக்கு இதை விளக்கவா வேண்டும்?

அப்புறம் ஏழாம் மாதம். சீன நாட்காட்டியின் ஏழாவது மாதம், பொதுவாக ஆகஸ்ட்-செப்டம்பரில் வரும். அந்த மாதம் ஆவிகள் வெளியே உலவுகின்றன என்பது நம்பிக்கை. புல்தரையிலும் நடைபாதை ஓரத்திலும் ஆரஞ்சுப் பழம், கேக், சோறு, ஊதுவத்தி எல்லாம் வைத்திருப்பார்கள். காகிதப் பணத்தை எரிப்பார்கள். சாம்பல் பறந்து உங்கள் துணியில் ஒட்டும். துணியை உள்ளே எடுத்து, ஜன்னலைச் சாத்திவிட்டு இருப்பதுதான் நல்லது. எரிப்பதற்கென்று நகர மன்றம் தகரப் பீப்பாய்கள் வைத்திருக்கும். அதை விட்டுவிட்டு உங்கள் ஜன்னலுக்கு நேர்கீழே எரித்தால் பீப்பாயைக் கைகாட்டிப் பதமாகச் சொல்லலாம். படையலை மட்டும் மிதிக்காதீர்கள், பிள்ளைகளை எடுக்கவும் விடாதீர்கள். மேடை போட்டுப் பாட்டுக் கச்சேரி நடந்தால் முன்வரிசை நாற்காலிகள் காலியாக இருக்கும். ‘நமக்கு இடம் இருக்கிறதே’ என்று போய் உட்கார்ந்துவிட வேண்டாம். அவை மனிதர்களுக்குப் போட்டவை அல்ல.

இதெல்லாம் நமக்கு முற்றிலும் அந்நியம் என்று தோன்றினால் ஒருநாள் வாட்டர்லூ ஸ்திரீட்டுக்குப் போய்ப் பாருங்கள். கருணைத் தெய்வமான குவான் யின் கோயிலில் கும்பிட்டுவிட்டு வரும் சீன பக்தர்கள், பக்கத்திலேயே இருக்கும் கிருஷ்ணன் கோயில் வாசலிலும் ஊதுவத்தியோடு நின்று கும்பிட்டுவிட்டுத்தான் போவார்கள். யாரும் அவர்களுக்குச் சொல்லிக் கொடுத்து அது வரவில்லை. போகிற வழியில் ஒரு சாமி இருக்கிறார், அவ்வளவுதான்.

6. பண்டம் கொடுப்பது, வாங்குவது

தீபாவளி முறுக்கைத் தட்டில் வைத்து எல்லார் வீட்டுக்கும் கொடுக்கும் பழக்கம் நல்லது. ஆனால் ஆளறிந்து கொடுக்க வேண்டும்.

மலாய் வீட்டுக்கு: சிலர் நீங்கள் வீட்டில் செய்ததை மகிழ்ச்சியோடு வாங்குவார்கள். சிலர் வாங்கிவிட்டுச் சாப்பிட மாட்டார்கள். உங்கள் சமையலறையில் பன்றி இறைச்சி இல்லாவிட்டாலும், வாங்கும் இறைச்சி ஹலாலா, பாத்திரம் எப்படி என்று அவர்களுக்குத் தெரியாது. சந்தேகமாக இருந்தால் ஹலால் முத்திரையுள்ள பொட்டலம் வாங்கிக் கொடுங்கள், அல்லது பழம். மறுத்தால் அது சாதி பார்ப்பவர் நம் வீட்டில் தண்ணீர் குடிக்க மறுப்பது போன்றதென்று எடுத்துக்கொண்டு மனம் நோக வேண்டாம். விஷயம் வேறு.

சீன வீட்டுக்கு: சீனப் புத்தாண்டுக்குப் போகும்போது இரண்டு மாண்டரின் ஆரஞ்சுகளை இரண்டு கையாலும் கொடுங்கள். அவர்களும் இரண்டைத் திருப்பித் தருவார்கள். கல்யாணமானவர்கள் பிள்ளைகளுக்கு அங்பாவ் (சிவப்பு உறையில் பணம்) கொடுப்பார்கள். நீங்கள் கொடுப்பதானால் தொகை இரட்டைப்படையாக இருக்கட்டும், 4 மட்டும் வேண்டாம், அந்த எண் அவர்களுக்கு மரணத்தை நினைவூட்டும். கறுப்பு உடையும் கடிகாரப் பரிசும் ஆகாது. குவான் யின் பக்தர்கள் பலர் மாட்டிறைச்சி சாப்பிட மாட்டார்கள். சீன மாதத்தின் 1, 15 தேதிகளில் சைவமாக இருப்பவர்களும் உண்டு. நீங்கள் சைவமென்றால் இதைவிட நல்ல பேச்சுத் தொடக்கம் கிடைக்காது.

உங்களுக்கு வரும் பண்டத்தில் நீங்கள் சாப்பிடாதது இருந்தால் “நாங்கள் சைவம், மன்னிக்கவும்” என்று வாசலிலேயே சொல்லிவிடலாம். யாரும் தப்பாக நினைக்க மாட்டார்கள். வாங்கிக் குப்பையில் போட்டுவிட்டு, அதை அவர்கள் பார்ப்பதுதான் கொடுமை.

நாய், பூனை விஷயம் இங்கேயே சொல்லிவிடுகிறேன். அனுமதிக்கப்பட்ட சிறிய இன நாய் ஒன்று வளர்க்கலாம். பூனைக்கு 2024 செப்டம்பரில்தான் அனுமதி வந்தது, இரண்டு வரை. நாயின் எச்சில் பட்டால் முஸ்லிம்கள் முறைப்படி கழுவ வேண்டியிருக்கும். மின்தூக்கியில் நாயோடு நிற்கும்போது மலாய்க் குடும்பம் வந்தால் நாயைத் தூக்கிக்கொள்ளுங்கள், அல்லது அடுத்த நடைக்குக் காத்திருங்கள்.

7. சத்தம், சண்டை: எந்த வரிசையில் போவது

முதலில், சத்தம் எங்கிருந்து வருகிறது என்று உறுதி செய்யுங்கள். இரவில் மேலே கோலிக்குண்டு உருளும் சத்தம் பற்றி புளோக் முழுக்கக் கதை உண்டு. மேல்வீட்டில் குழந்தையே இருக்காது, வீடே பூட்டிக் கிடக்கும், ஆனாலும் உருளும். கான்கிரீட்டும் குழாய்களும் சத்தத்தை எங்கிருந்தோ எடுத்துவரும். இரண்டு மாடி தள்ளி இருக்கும் வீட்டின் நாற்காலிகூட உங்கள் தலைக்குமேல் இழுபடுவதுபோல் கேட்கும்.

எந்த நாள், எத்தனை மணி, என்ன மாதிரிச் சத்தம் என்று ஒரு வாரம் குறித்துவையுங்கள். அப்புறம் பகல் நேரத்தில், சத்தம் இல்லாதபோது, நேரில் போய்ப் பேசுங்கள். இரவு பன்னிரண்டுக்குக் கோபத்தோடு கதவைத் தட்டினால் விடிவதற்குள் இரண்டு வீட்டுக்கும் பகை. துடைப்பக்கட்டையால் விட்டத்தை இடிப்பதும் அப்படித்தான். “நீங்கள் சத்தம் போடுகிறீர்கள்” என்று தொடங்காமல் “இரவில் ஏதோ இழுபடும் சத்தம் கேட்கிறது, உங்களுக்கும் கேட்கிறதா?” என்று கேட்டுப் பாருங்கள். நாற்காலிக் காலில் ஒட்டும் துணி வட்டுகளை ஒரு பாக்கெட் வாங்கிக் கையோடு கொண்டுபோய்க் கொடுத்துப் பிரச்சினை தீர்ந்த வீடுகள் உண்டு.

பேசியும் ஆகவில்லையா? வட்டாரத்து வசிப்போர் குழுவிலோ சமூக மன்றத்திலோ சொல்லி, இருவருக்கும் தெரிந்த ஒருவரை நடுவில் வைத்துப் பேசுங்கள். அதற்கடுத்து சமூக மத்தியஸ்த நிலையம், 1998-லிருந்து இயங்குகிறது. வக்கீல் தேவையில்லை. பயிற்சி பெற்ற தொண்டூழிய மத்தியஸ்தர்கள் இரு தரப்பையும் உட்காரவைத்துப் பேசவைப்பார்கள். முன்பெல்லாம் எதிராளி வரவே மாட்டேன் என்றால் விஷயம் அங்கேயே நின்றுபோகும். 2024 நவம்பரில் நிறைவேறிய சட்டத் திருத்தம் மத்தியஸ்தத்துக்குப் போகும்படி உத்தரவிட வழி செய்தது. கடைசிப் படி, அண்டைவீட்டார் தகராறுகளுக்கென்றே 2015 அக்டோபரில் தொடங்கிய நடுவர் மன்றம். 20,000 வெள்ளி (சிங்கப்பூர் டாலர்) வரை இழப்பீடு கேட்கலாம். ஆதாரம் நீங்கள்தான் கொண்டுவர வேண்டும். முன்பு எழுதிவைத்த குறிப்பு இங்கே உதவும்.

என் கருத்தைக் கேட்டால், வாடகை வீட்டுக்காரர்கள் நடுவர் மன்றம் வரை போவது அநேகமாக வீண். வழக்கு முடிவதற்குள் உங்கள் ஒப்பந்தம் முடிந்துவிடும்.

8. கொஞ்சம் ‘வேறு மாதிரி’ இருப்பவர்கள்

ஒவ்வொரு புளோக்கிலும் ஒருவர் இருப்பார். தனக்குள் பேசிக்கொண்டு மின்தூக்கியில் ஏறுபவர். பழைய செய்தித்தாளும் அட்டைப்பெட்டியும் வாசல்வரை குவித்திருக்கும் முதியவர். நள்ளிரவில் கத்தும் பெண். கையை உதறிக்கொண்டு ஒரே ஒலியைத் திரும்பத் திரும்ப எழுப்பும் பிள்ளை. இவர்களைப் பற்றி புளோக்கில் சொல்லப்படும் கதைகளில் பாதியை நம்பாதீர்கள்.

பிள்ளையிலிருந்து தொடங்குவோம். ஆட்டிசம் உள்ள பிள்ளைக்கு மின்தூக்கியின் மணிச்சத்தமோ திடீரென்று உள்ளே வரும் கூட்டமோ தாங்க முடியாததாக இருக்கலாம். தாயை முறைக்காதீர்கள், ‘என்ன ஆச்சு’ என்று விசாரிக்கவும் வேண்டாம். கொஞ்சம் விலகி நின்று இடம் கொடுத்தால் போதும். ஊரில் செய்வதுபோல் ‘எங்கள் ஊரில் ஒரு வைத்தியர் இருக்கிறார்’ என்ற பேச்சு மட்டும் வேண்டவே வேண்டாம். அந்தத் தாய் அதை நூறு பேரிடம் கேட்டிருப்பார்.

மறதி நோய் உள்ள முதியவர் உங்கள் கதவைத் தன் கதவென்று நினைத்துச் சாவி போட்டுத் திருகலாம். எல்லா மாடியும் ஒரே மாதிரி இருக்கும் இடத்தில் இது சகஜம். அதட்டாதீர்கள். எதிரே நின்று, மெதுவாக, சின்னச் சின்ன வாக்கியமாகப் பேசுங்கள். ‘இது உங்கள் வீடு இல்லை’ என்று வாதாடாமல், வீடு தெரிந்தால் கூட நடந்துபோய்க் கொண்டுவிடுங்கள். தெரியாவிட்டால் காவல்துறையின் 999. மூத்தோர் பராமரிப்பு உதவிகளுக்கு 1800-650-6060 என்ற எண் இருக்கிறது. அவருடைய பிள்ளைகளிடம் சொல்லி வைக்கலாம்.

பொருள் சேர்த்துக் குவிப்பவரை ‘குப்பைக்காரர்’ என்று பேசுவது எளிது. இது பல நேரம் மனநிலை சார்ந்த சிக்கல். யாராவது வந்து ஒரே நாளில் அள்ளிப் போட்டால் சில மாதத்தில் மறுபடி சேர்ந்துவிடும். அவருடைய பொருளை நீங்களாகத் தொடாதீர்கள். வழி அடைபட்டு, தீ விபத்துக்கு இடமிருந்தால் நகர மன்றத்திடம் சொல்லியே ஆக வேண்டும். அதில் தயக்கம் வேண்டாம், முதலில் ஆபத்துக்குள்ளாவது அவர்தான். கூடவே, அவர் தனியாக இருக்கிறார், சமூக சேவையாளர் யாராவது பார்க்க வேண்டும் என்பதையும் சொல்லுங்கள். புகாராக மட்டும் போனால் அபராதமாக மட்டும் திரும்பி வரும்.

தனக்குள் பேசிக்கொள்பவரால் பொதுவாக யாருக்கும் தொந்தரவு இல்லை. ஒரு ‘ஹலோ அங்கிள்’ சொல்லிவிட்டு உங்கள் வேலையைப் பார்க்கலாம். பதில் வராவிட்டாலும் மறுநாளும் சொல்லுங்கள். நிலைமை மோசமாகி, தன்னையோ மற்றவரையோ காயப்படுத்திவிடுவார் என்று தோன்றினால் மனநலக் கழகத்தின் 24 மணி நேர எண் 6389 2222, உயிருக்கு ஆபத்தென்றால் 999. அவரைக் கைபேசியில் படமெடுத்து புளோக் வாட்ஸ்அப் குழுவில் போடாதீர்கள். அவருடைய அக்காவும் அந்தக் குழுவில் இருக்கலாம்.

9. நம்மவர்கள்தானே?

அதிகம் இடறி விழும் இடம் இதுதான். பெயர்ப்பலகையில் தமிழ்ப் பெயர், வாசலில் மாவிலைத் தோரணம். பார்த்ததும் மனம் குளிர்ந்து, “நீங்க இந்தியாவுல எந்த ஊரு?” என்று கேட்பீர்கள். அவருக்கு ஊர் சிங்கப்பூரின் தோ பாயோ. தாத்தாவுக்கு அப்பா கப்பலேறி வந்தவர். ‘இந்தியாவா’ என்று கேட்டுக் கேட்டே அவர் சலித்துப்போயிருப்பார். சாதியை மோப்பம் பிடிக்கும் கேள்விகள், ‘உங்கள் முழுப்பெயர் என்ன, குலதெய்வம் எது’ வகையறா, அறவே வேண்டாம். எவ்வளவு வாடகை, எவ்வளவு சம்பளம் என்பதும்கூட.

அவருடைய தமிழ் உங்கள் காதுக்கு வேறு மாதிரி ஒலிக்கும். மலாய்ச் சொல்லும் ‘லா’வும் கலந்து வரும். உங்கள் தமிழும் ஆங்கிலமும் அவர் காதுக்கு அப்படித்தான். திருத்தப் போகாதீர்கள். ஈரச்சந்தையில் (காய்கறி, மீன் விற்கும் சந்தை) எந்தக் கடையில் முருங்கைக்காய் நன்றாக இருக்கும், தைப்பூசத்துக்கு எந்தச் சாலை மூடியிருக்கும், நகர மன்றத்தில் யாரிடம் பேசினால் வேலை நடக்கும் என்று அவரிடம் கேளுங்கள். அந்த வழியாகத்தான் பழக்கம் வளரும்.

10. ஊரிலிருந்து அப்பா அம்மா வரும்போது

நீங்கள் ஆறு மாதமாகச் சேர்த்த நல்ல பெயர் ஆறு நாளில் போகக்கூடிய நேரம் இது. முன்கூட்டியே சொல்லி வையுங்கள். அதிகாலை ஐந்துக்கு நடைபாதையில் நின்று சத்தமாக போன் பேச வேண்டாம். மின்தூக்கியில் துப்பவோ, சாமிக்குப் போட்ட பூவை ஜன்னல் வழியே எறியவோ கூடாது. மாடியிலிருந்து பொருளை வீசுவது இங்கே குற்றம், உதிரிப்பூவென்று சொல்லித் தப்ப முடியாது. பையில் கட்டிக் குப்பைக்குழாயில் போடலாம். மனம் ஒப்பவில்லையென்றால் தொட்டிச் செடிக்கு உரமாக்கலாம்.

உணவங்காடியில் மேசைமேல் ஒரு டிஷ்யூ பாக்கெட் மட்டும் கிடந்தால் அந்த இடம் பிடிக்கப்பட்டுவிட்டது என்று அப்பாவிடம் சொல்லுங்கள். எடுத்துக் கை துடைத்துவிடப் போகிறார். சாப்பிட்ட தட்டைத் திருப்பி வைக்க வேண்டும், 2021 செப்டம்பரிலிருந்து அது கட்டாயம். ஹலால் தட்டுக்குத் தனி அடுக்கு.

அம்மாவைப் பற்றிக் கவலை வேண்டாம். மொழியே தெரியாமல் பக்கத்து வீட்டுச் சீனப் பாட்டியோடு கீழே உட்கார்ந்து, முழங்கால் வலிக்கு என்ன தைலம் என்று இருவரும் காட்டிக்கொள்வார்கள். முதல் நாளே பாட்டியிடம் “இவர் என் அம்மா” என்று அறிமுகப்படுத்திவிடுங்கள். புளோக் எண், வீட்டு எண், உங்கள் கைபேசி எண் மூன்றையும் ஆங்கிலத்தில் எழுதி அவர்கள் பையில் போட்டு வையுங்கள். புளோக்குகள் எல்லாம் ஒரே அச்சில் வார்த்தவை. நடைக்குப் போய்விட்டு 214-க்குப் பதில் 241-இல் ஏழாவது மாடிக் கதவைத் தட்டும் அப்பாக்கள் ஏராளம்.